பனிப்போரை வாசிக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

பனிப்போர் பற்றிய தேர்வுக் கையேடுகளைப் புரட்டினால் ஒரே படம்தான் கண்ணில் படும். ஒரு பக்கம் அமெரிக்கா, அதன் பின்னால் கைகட்டி நிற்கும் மேற்கு ஐரோப்பா. எதிர்ப்பக்கம் சோவியத் ஒன்றியம். இந்தப் படத்தை நம்பிப் படிப்பதுதான் முதல் தவறு. அந்த நாற்பது சொச்சம் ஆண்டுகளில் மாஸ்கோவை எப்படி நடத்துவது என்பது குறித்து மேற்கு நாடுகள் தங்களுக்குள் ஓயாமல் சண்டையிட்டன. அந்தச் சண்டைகளை விட்டுவிட்டால் வரலாற்றில் பாதி போய்விடும்.

1982-இல் வெடித்த எரிவாயுக் குழாய்த் தகராறு இதற்கு நல்ல சான்று. சைபீரியாவின் உரெங்கோய் வயல்களிலிருந்து மேற்கு ஐரோப்பாவுக்கு எரிவாயு கொண்டுவர சோவியத் ஒன்றியம் குழாய் பதித்துக்கொண்டிருந்தது. கருவிகளை விற்றவை மேற்கு ஜெர்மனி, பிரான்ஸ், இத்தாலி, பிரிட்டன் நிறுவனங்கள். 1981 டிசம்பரில் போலந்தில் இராணுவச் சட்டம் வந்ததும், அதற்கு மாஸ்கோவே பொறுப்பு என்று கூறி, குழாய்த் திட்டத்துக்கான அமெரிக்கக் கருவிகளுக்கு அமெரிக்க அதிபர் ரீகன் தடை விதித்தார். 1982 ஜூனில் அதை ஐரோப்பிய நிறுவனங்கள் மீதும் நீட்டினார். குழாயில் எரிவாயுவை உந்தித் தள்ள உதவும் டர்பைனை, அமெரிக்க உரிமம் பெற்று ஐரோப்பாவில் செய்திருந்தாலும் அனுப்பக்கூடாது என்பது உத்தரவு.

எதிர்த்து நின்றவர்களில் ஒருவர் யார் தெரியுமா? ரீகனின் நெருங்கிய நண்பராகவும் கம்யூனிசத்தின் கடும் எதிரியாகவும் நாம் படித்திருக்கும் பிரிட்டன் பிரதமர் மார்கரெட் தாட்சர். அப்போது பிரிட்டனில் முப்பது லட்சம் பேருக்கு வேலையில்லை. ஸ்காட்லாந்தின் கிளைட்பாங்கில் டர்பைன்கள் தயாராக நின்றன. கையெழுத்தான ஒப்பந்தத்தை மதிக்க வேண்டும், அமெரிக்கத் தடையைப் பொருட்படுத்த வேண்டாம் என்று அவரது அரசு நிறுவனங்களுக்கு உத்தரவிட்டது. டர்பைன்கள் கப்பலேறின. ஐரோப்பியர்களின் கோபத்துக்கு இன்னொரு நியாயமும் இருந்தது. ஆப்கானிஸ்தானில் சோவியத் படை நுழைந்ததற்காக முந்தைய அதிபர் கார்ட்டர் விதித்திருந்த தானிய ஏற்றுமதித் தடையை, தன் நாட்டு விவசாயிகளுக்காக 1981 ஏப்ரலில் நீக்கியவரே ரீகன்தான். அமெரிக்க கோதுமை மாஸ்கோவுக்குப் போகலாம், ஐரோப்பிய டர்பைன் போகக்கூடாதா? 1982 நவம்பரில் ரீகன் தடையை விலக்கிக்கொண்டார். 1984-இல் எரிவாயு வரத் தொடங்கியது.

அடுத்தது கால வரிசை. சோவியத் தலைமையிலான இராணுவக் கூட்டணியான வார்சா ஒப்பந்தத்துக்குப் பதிலடியாகவே, அமெரிக்கத் தலைமையிலான இராணுவக் கூட்டணியான நேட்டோ உருவானது என்று எழுதுவதை இன்றும் பார்க்கிறேன். இது தலைகீழ். நேட்டோ பிறந்தது 1949 ஏப்ரல் 4. மேற்கு ஜெர்மனியை அதில் சேர்த்தது 1955 மே மாதத் தொடக்கத்தில். வார்சாவில் கையெழுத்தானது அதற்குச் சில நாள் கழித்து, மே 14 அன்று. இரண்டாம் உலகப் போரில் கோடிக்கணக்கான மக்களைப் பறிகொடுத்த மாஸ்கோவுக்கு, ஜெர்மனி மீண்டும் ஆயுதம் ஏந்துவது எவ்வளவு பெரிய அச்சம் என்பது இந்தத் தேதிகளை வரிசையாக வைத்தால்தான் புலப்படும். நேட்டோவை ஜனநாயக நாடுகளின் சங்கம் என்று சொல்வதிலும் கவனம் வேண்டும். அதைத் தொடங்கிய 12 நாடுகளில் சலாசரின் சர்வாதிகாரத்தில் இருந்த போர்ச்சுகலும் ஒன்று.

1966-இல் பிரான்ஸ் நேட்டோவிலிருந்து வெளியேறியது என்பதும் பிழை. பிரெஞ்சு அதிபர் டி கோல் தன் நாட்டை விலக்கிக்கொண்டது கூட்டு இராணுவத் தலைமையிலிருந்து மட்டுமே. கூட்டணியில் பிரான்ஸ் தொடர்ந்து உறுப்பினராகவே இருந்தது. நேட்டோவின் தலைமையகம்தான் பாரிஸிலிருந்து பிரஸ்ஸல்ஸுக்கு இடம்பெயர்ந்தது.

1962-இல் கியூபாவில் சோவியத் ஏவுகணைகளை நிறுத்தியதால் எழுந்த நெருக்கடியில் சோவியத் தலைவர் குருஷ்சேவ் பயந்து பின்வாங்கினார், அமெரிக்க அதிபர் கென்னடி வென்றார் என்று கதையை முடித்துவிடுகிறார்கள். ஆனால் துருக்கியில் அமெரிக்கா நிறுத்தியிருந்த ஜூபிடர் ஏவுகணைகளை அகற்றுவதாக கென்னடி தரப்பு ரகசிய வாக்குறுதி தந்திருந்தது. 1963-இல் அவை அகற்றப்பட்டன. ஏவுகணைகள் நின்றது துருக்கி மண்ணில். ஆனால் பேரம் துருக்கிக்குத் தெரியாமல் நடந்தது. கூட்டாளிகள் வல்லரசை எவ்வளவு நம்பலாம் என்ற கேள்வி இங்கே எழுகிறது. 1963-இலேயே வாஷிங்டனுக்கும் மாஸ்கோவுக்கும் இடையே நிறுவிய நேரடித் தொடர்பைச் சிவப்புத் தொலைபேசி என்று எழுதாதீர்கள். அது செய்தியை எழுத்தாக அனுப்பும் டெலிபிரிண்டர். அவசரத்தில் வாயிலிருந்து ஒரு சொல் தவறி விழுந்துவிடக்கூடாது என்பதற்காகவே எழுத்து வடிவம்.

எதிர்த்தரப்பையும் ஒரே பாறையாக எண்ண வேண்டாம். டிட்டோ ஆண்ட கம்யூனிஸ்ட் நாடான யூகோஸ்லாவியா 1948-லேயே மாஸ்கோவிடமிருந்து பிரிந்தது. 1969-இல் இரு நாட்டு எல்லையிலுள்ள உசூரி ஆற்றங்கரையில் சீனப் படையும் சோவியத் படையும் ஒன்றையொன்று சுட்டுக்கொண்டன.

கடைசியாக, சூயஸ் கால்வாய்க்காக எகிப்தில் நடந்த போரை ஓர் அத்தியாயத்திலும், சோவியத் பிடிக்கு எதிரான ஹங்கேரிக் கிளர்ச்சியை இன்னோர் அத்தியாயத்திலும் தனித்தனியாகப் படிக்காதீர்கள். இரண்டும் 1956-இல் ஒரே வாரத்தில் நடந்தவை. பிரிட்டனும் பிரான்ஸும் எகிப்து மீது குண்டு வீசிக்கொண்டிருந்ததால், நவம்பர் 4 அன்று ஹங்கேரியின் தலைநகர் புடாபெஸ்டுக்குள் சோவியத் டாங்கிகள் நுழைந்தபோது மேற்கின் கண்டனத்தில் வலுவில்லை. அதற்கு இரண்டு நாள் முன்புதான் ஐ.நா. பொதுச் சபையில் எகிப்தில் போர்நிறுத்தம் கோரும் தீர்மானம் வந்திருந்தது. பிரிட்டனும் பிரான்ஸும் எதிர்த்து வாக்களித்தன. அமெரிக்காவும் சோவியத் ஒன்றியமும் ஆதரித்து வாக்களித்தன.