1901 மிச்சிகன் அணியைப் பற்றிப் பேசும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

அமெரிக்கக் கல்லூரி ஃபுட்பாலின் (நம் கால்பந்து அல்ல, முட்டை வடிவப் பந்தைக் கையில் பிடித்து ஓடும் ஆட்டம்) பழைய வரலாற்றில் ஆர்வம் வந்துவிட்டால் சீக்கிரமே கண்ணில் படுவது 1901-ஆம் ஆண்டின் மிச்சிகன் பல்கலைக்கழக அணி. 11 ஆட்டம், 11 வெற்றி, எடுத்தது 550 புள்ளி, கொடுத்தது பூஜ்யம். இதைப் பார்த்து வாய்பிளந்து பகிர்கிறவர்களும் சரி, "எதிரில் ஆடியவர்களுக்கு ஆட்டமே தெரிந்திருக்காது" என்று ஒதுக்குகிறவர்களும் சரி, இன்று டிவியில் பார்க்கிற ஆட்டத்தை மனதில் வைத்துக்கொண்டுதான் அந்த எண்களைப் படிக்கிறார்கள். பெரும்பாலான தவறுகள் அங்கேயிருந்துதான் கிளம்புகின்றன.

முதலில் ஸ்கோரை எடுத்துக்கொள்வோம். அன்று டச்டவுனுக்கு, அதாவது பந்தை எதிரணியின் கோல் எல்லைக்குள் கொண்டுபோய்ச் சேர்ப்பதற்கு, 5 புள்ளிதான், அது 6 ஆனது 1912-இல். பந்தைக் கோல் கம்பங்களுக்கு நடுவே உதைத்து எடுக்கும் பீல்டு கோலுக்கும் அப்போது 5, இப்போது 3. சீசனின் கடைசி ஆட்டத்தில் ஸ்டான்போர்டு பல்கலைக்கழகத்தை 49-0 என்று வென்றார்கள், அதில் 8 டச்டவுன், அதையொட்டிய 4 கூடுதல் உதைகள் (தலா 1 புள்ளி), ஒரு பீல்டு கோல். இன்றைய விதிப்படி கூட்டினால் 55 வரும். ஆகவே பழைய ஸ்கோரைப் புதிய ஸ்கோரோடு நேராக ஒப்பிட வேண்டாம். ஒப்பிட்டே ஆக வேண்டுமென்றால் எத்தனை டச்டவுன் என்று பாருங்கள்.

அடுத்த தவறு இன்னும் பெரியது: தாக்குதலை வழிநடத்தும் வீரரான குவார்ட்டர்பேக் பந்தை நீளமாக வீச, ஒருவர் ஓடிப்போய்ப் பிடிப்பது போலக் கற்பனை செய்துகொள்வது. முன்னோக்கி வீசுவதற்கு 1906-இல்தான் அனுமதி வந்தது. 1901-இல் பந்தைக் கையில் வைத்துக்கொண்டு ஓட வேண்டும், இடித்துத் தள்ள வேண்டும், இல்லையென்றால் உதைக்க வேண்டும். பந்தைத் தக்கவைத்துக்கொள்ள மூன்று முயற்சியில் 5 யார்டு முன்னேறினால் போதும் என்பதால் எல்லா அணிகளும் ஆட்களைக் கும்பலாகக் குவித்து நடுவில் மோதுவதையே நம்பியிருந்தன. மைதானமும் 110 யார்டு நீளம். இந்த இடத்தில்தான் அந்த ஆண்டு மிச்சிகனுக்குப் புதிதாக வந்த பயிற்சியாளர் பீல்டிங் யோஸ்ட் வித்தியாசப்படுகிறார். ஒரு முயற்சி முடிந்து எதிரணி எழுந்து வரிசையில் நிற்பதற்குள் அடுத்ததைத் தொடங்கிவிட வேண்டும் என்று வேகத்தையே பயிற்சியாகக் கொடுத்தார். 'ஹரி அப்' (சீக்கிரம்!) யோஸ்ட் என்ற பட்டப்பெயர் அதோடு ஒட்டிக்கொண்டது. வில்லி ஹெஸ்டன் மாதிரி வெடித்துக் கிளம்பும் ஓட்டக்காரரும் அந்த அணியில் இருந்தார்.

550-ஐப் பார்த்து அசந்துபோய் அந்தப் பூஜ்யத்தைக் கவனிக்காமல் விடுவதுதான் எனக்கு மிகவும் வருத்தம் தரும் தவறு. தாக்குதலுக்கு ஒரு குழு, தற்காப்புக்கு ஒரு குழு என்று அப்போது கிடையாது, அதே 11 பேர்தான் இரண்டையும் செய்ய வேண்டும், வெளியே போனவர் திரும்ப உள்ளே வர முடியாது. இவ்வளவு களைப்புக்கு நடுவில், 11 ஆட்டங்களில், ஒரு பீல்டு கோலோ, பந்து வைத்திருப்பவரை அவருடைய சொந்தக் கோல் எல்லைக்குள்ளேயே மடக்கி எதிரணி எடுக்கும் 2 புள்ளி சேஃப்டியோகூட யாருக்கும் கொடுக்கவில்லை. அந்த சீசனின் உண்மையான அற்புதம் இதுதான் என்று நினைக்கிறேன்.

சரி, எதிரணிகள் எல்லாம் சாதாரணமா? 550-இல் பஃபலோவுக்கு எதிராக 128, சின்னக் கல்லூரியான பெலாய்ட்டுக்கு எதிராக 89, ஆக 217 புள்ளி இரண்டே ஆட்டத்தில் வந்தது. மீதி ஒன்பதில் 333, சராசரி 37. ஒஹையோ ஸ்டேட்டோடு 21-0, சிகாகோவோடு 22-0, கார்லைல் இந்தியப் பள்ளியோடும் 22-0. எல்லா ஆட்டமும் 128-0 போலவே இருந்தது என்று நினைப்பதும் தப்பு, அந்த 128-0-ஐ வைத்தே முழு சீசனையும் தள்ளுபடி செய்வதும் தப்பு. அப்புறம், பஃபலோ அதே சீசனில் கொலம்பியாவை வென்ற அணி.

கலிபோர்னியாவின் பசடீனா நகரில் புத்தாண்டு விழாவையொட்டி நடக்கும் ரோஸ் பவுல் ஆட்ட விஷயத்தில் குழப்பம் ஏராளம். ஸ்டான்போர்டு ஆட்டம் நடந்தது 1902 ஜனவரி 1 அன்று, ஆனால் அது 1901 சீசன் கணக்கில்தான் வரும். இன்று நாம் பார்க்கிற ரோஸ் பவுல் அரங்கத்தில் அது நடக்கவில்லை, அந்த அரங்கம் கட்டப்பட்டது 1922-இல். பசடீனாவிலேயே டோர்னமென்ட் பார்க் என்ற இடத்தில் ஆடினார்கள். யோஸ்ட் முந்தைய ஆண்டு ஸ்டான்போர்டுக்குத்தான் பயிற்சியாளர், முன்னாள் மாணவர்களைத்தான் வைப்போம் என்று அவர்கள் முடிவெடுத்ததால் மிச்சிகனுக்கு வந்தவர். மிச்சிகன் ஆட்டம் முழுக்க ஒரே 11 பேரை வைத்து ஆடியது, நீல் ஸ்னோ மட்டும் 5 டச்டவுன். இன்னும் 8 நிமிடம் இருக்கும்போதே ஸ்டான்போர்டு கேப்டன் போதும் என்று சொல்ல, ஆட்டம் நின்றது. இவ்வளவு ஒருதலைப்பட்சமாகப் போனதால் அந்தப் புத்தாண்டு விழாவில் ஃபுட்பால் மறுபடி வந்தது 1916-இல்தான். 'ஆண்டுதோறும் தொடர்ந்து நடந்தது' என்று எழுதிவிடாதீர்கள்.

"அந்த ஆண்டின் தேசிய சாம்பியன்" என்று எழுதும்போதும் நிதானம் வேண்டும். ஏபி செய்தி நிறுவனம் அணிகளைத் தரவரிசைப்படுத்தும் கருத்துக்கணிப்பு வந்தது 1936-இல். 1901-க்கான பட்டமெல்லாம் பிற்காலத்தில் பின்னோக்கிப் பார்த்துக் கொடுத்தவை. ஹார்வர்டும் அந்த ஆண்டு தன் 12 ஆட்டங்களையும் வென்றது. மிச்சிகன் இருந்த மேற்குக் கூட்டமைப்பின் பட்டத்தைக்கூட, அதே போலத் தோற்காத விஸ்கான்சினோடு பங்கிட்டுக்கொண்டார்கள், இரு அணிகளும் மோதவே இல்லை. அன்றைய ஃபுட்பால் வல்லுநர் வால்டர் கேம்ப் தேர்ந்தெடுத்த சிறந்த வீரர் பட்டியலைச் சாட்சிக்கு இழுக்கவும் வேண்டாம், அவருடைய 1901 முதல் அணி முழுக்கக் கிழக்கத்திக் கல்லூரிக்காரர்கள்.

'நிமிடத்துக்கு ஒரு புள்ளி' அணி என்ற பெயர் 1901 முதல் 1905 வரையிலான ஐந்து சீசனுக்கும் சேர்த்துச் சொல்லப்படுவது. அதை வைத்து ஐந்து ஆண்டும் எல்லாவற்றையும் வென்றார்கள், யாருக்கும் புள்ளி கொடுக்கவில்லை என்று எழுதுகிறவர்கள் உண்டு. 1903-இல் மினசோட்டா 6-6 என்று சமன் செய்தது. 1905 சீசனின் கடைசி ஆட்டத்தில் சிகாகோ ஒரே ஒரு சேஃப்டி எடுத்து 2-0 என்று வென்றது.