பறவையைக் குருவாகக் கொண்ட அறிஞர் மடம்: கதைக்கும் விளையாட்டுக்கும் உருவாக்கும் முறை

நாவலுக்கோ, மேசையைச் சுற்றி உட்கார்ந்து ஆடும் கதாபாத்திர விளையாட்டுக்கோ பறவை ஞானியர் மடம் ஒன்றை எழுதுகிறவர்கள் பெரும்பாலும் இறகு அங்கியிலும் அலகு முகமூடியிலும் தொடங்குகிறார்கள். இரண்டு அத்தியாயம் போவதற்குள் அந்தச் சாயம் வெளுத்துவிடும். முகமூடியைக் கழற்றினால் உள்ளே இருப்பவர் எந்தக் கதையிலும் வரக்கூடிய சாமியார்தான். எனவே தோற்றத்தை ஒதுக்கி வைத்துவிட்டு, பறவை என்ன செய்கிறது என்பதிலிருந்து தொடங்குங்கள்.

ஒரு பறவை, அதன் ஒரே ஒரு செயல், அந்தச் செயலுக்கு அது கொடுக்கும் விலை. இந்த மூன்றையும் ஒரு தாளில் எழுதுங்கள். விலை தெரியாத பறவையை எடுக்காதீர்கள். கூகை ஓசையின்றிப் பறக்கிறது. அதன் சிறகின் முன்விளிம்பு சீப்புப் பல் போல இருப்பதும் இறகு மென்மையாக இருப்பதும் அதற்குக் காரணம். அதே மென்மையான இறகு மழையில் எளிதில் நனைந்து, வேட்டையைக் கெடுத்துவிடும். பட்டைவால் மூக்கன் என்ற கரைப்பறவை ஒன்று 2022-இல் அலாஸ்காவிலிருந்து டாஸ்மேனியா வரை சுமார் 13,560 கி.மீ. இறங்காமல் பறந்தது, 11 நாளில். இத்தகைய பயணத்துக்கு முன் அதன் இரைப்பையும் குடலும் சுருங்கிவிடுகின்றன. இந்த இரண்டு விலைகளிலிருந்தும் இரண்டு வெவ்வேறு மடங்கள் பிறக்கும்: ஒன்று மழைக்காலத்தில் கதவடைக்கும், மற்றது பயணத்துக்கு முன் எதையாவது துறக்கச் சொல்லும்.

அறிஞர் மடத்துக்கு என் தேர்வு வேறு. வட அமெரிக்க மலைகளில் கிளார்க்ஸ் நட்கிராக்கர் என்ற காக்கைக் குடும்பப் பறவை இருக்கிறது. ஒரு பருவத்தில் பல்லாயிரம் பைன் விதைகளை மண்ணில் சிறுசிறு குவியலாகப் புதைக்கும். நாக்குக்கு அடியில் உள்ள பையில் விதைகளைச் சுமந்து போகும். ஒன்பது மாதம் கழித்தும் இடத்தை நினைவில் வைத்துத் தோண்டி எடுக்கும். சுற்றியுள்ள பொருள்களே அதற்கு அடையாளம். ஓர் ஆய்வில் அடையாளப் பொருள்களை 20 செ.மீ. நகர்த்தி வைத்தார்கள்; பறவை தோண்டிய இடமும் அதே அளவு தள்ளிப் போனது. தோண்டாமல் விட்ட விதைகள் மரமாகின்றன.

இதிலிருந்து விதிகளை வரிசையாக இறக்கலாம். மடத்தில் நூலகம் கிடையாது. சுவடிகள் எல்லாம் புதைக்கப்பட்டவை. புதிய மாணவர் முதலாண்டில் 12 சுவடிகளைப் புதைக்க வேண்டும், ஒவ்வொன்றுக்கும் மூன்று அடையாளம். ஒன்பது மாதம் கழித்து ஒன்பதையாவது மீட்டால் அடுத்த படி. இடத்தை எழுதி வைக்கக் கூடாது. அங்கி வேண்டாம், தொண்டையை ஒட்டித் தொங்கும் தோல் பை போதும். அதில் சுவடி இருக்கும்வரை பேசக் கூடாது. மடத்தின் எதிரிக்கு நெருப்பு தேவையில்லை, ஒரு பாறையை நகர்த்தினால் போதும்.

ஞானம் எங்கே வருகிறது? ஒரு கேள்வியில்: தோண்டாமல் போன விதையைப் பறவை மறந்ததா, விட்டுவைத்ததா? மடம் இதில் இரண்டாகப் பிளக்கட்டும். ஒரு சாரார் மீட்காத சுவடியைக் குற்றம் என்பார்கள். மறு சாரார் அதுதான் காணிக்கை என்பார்கள். நீங்கள் விடை சொல்லிவிடாதீர்கள். சொன்ன கணமே ஒரு பக்கம் முட்டாள்களின் கூட்டமாகிவிடும்.

புள் நிமித்தம், அதாவது பறவையை வைத்துச் சகுனம், பார்க்கும் காட்சியில்தான் அதிகம் பேர் சறுக்குகிறார்கள். பறவை பறந்தது, குருவும் தனக்கு வேண்டியதைச் சொன்னார் என்றால் வாசகருக்குப் பதற்றமே வராது. ரோமானிய நிமித்திகர்கள் பார்ப்பதற்கு முன்பே வானத்தில் எல்லை வகுத்துக்கொண்டார்கள். அதைப் பின்பற்றுங்கள்: எல்லை, நேரம், எந்தத் திசைக்கு என்ன பொருள் என்ற மூன்றையும் பறவை வருமுன் பாத்திரத்தின் வாயால் சொல்லவைத்து, அதன் பிறகு வானத்தைக் காட்டுங்கள். விளையாட்டில் என்றால் பகடையை உருட்டுவதற்கு முன்.

கைத்தொழில் ஒன்றையாவது கிட்டத்தில் காட்டுங்கள். இறகுப் பேனா நல்லது. பெருவாத்தின் (கூஸ்) சிறகு நுனிப் பெரிய இறகுகள் இதற்கு உதவும். வலக்கைக்காரருக்கு இடச்சிறகின் இறகு, அதன் வளைவு கண்ணை மறைக்காது. தண்டை இரவு முழுவதும் நீரில் ஊறவைத்து, சூடான மணலில் சில விநாடி செருகி எடுத்தால் கெட்டிப்படும். சூடு மிஞ்சினால் தண்டு கொப்பளித்து நொறுங்கும். பிறகு சரிவாகச் சீவி, நுனியில் நேராக ஒரு கீறல். கீறல் கோணினால் மை ஒரு பக்கமாகக் கசியும். எழுதுபவர் கைக்கு இடைஞ்சலான இழைகளை உருவிவிடுவார். படங்களில் வரும் முழு இறகு ஆடும் பேனாவை உங்கள் மடத்தில் யாரும் பிடிக்க வேண்டாம்.

படிநிலை மூன்று போதும், உறுப்பினர் பெயரோடு ஆறேழு பேர். அதற்கு மேல் எழுதியது வாசகர் நினைவில் நிற்காது.

பெயரைக் கடைசியில் வையுங்கள், அதிலும் இரண்டு வையுங்கள். வெளியூரார் ஏளனமாக அழைப்பது ஒன்று, ‘புதைப்போர்’. அவர்களே தங்களைச் சொல்லிக்கொள்வது மற்றொன்று, ‘விதையோர்’. மடத்தைச் சேர்ந்த ஒருவர் பையிலிருந்து சுவடியை இறக்கி வைத்துவிட்டு முதன்முதலாக வாய் திறக்கும்வரை, முதல் பெயரையே புழங்குங்கள்.