டெபுடேஷன் போறவங்க பண்ற தப்பு, வலிக்கிறது திரும்பி வந்தப்புறம்

டெபுடேஷன்னா சொந்தத் துறையை, அதாவது தாய்த்துறையை விட்டு, கொஞ்ச காலத்துக்கு வேற ஆபீஸுக்குப் போய் வேலை பார்க்கறது. அந்த ஆர்டர் கைக்கு வந்ததும் நம்ம ஆளுங்க கேக்குற முதல் கேள்வி அலவன்ஸ் எவ்ளோங்கறது தான். மத்திய அரசுல அதே ஊர்னா பேசிக்ல 5%, வேற ஊர்னா 10%, அதுக்கும் ஒரு உச்சவரம்பு உண்டு, அந்த அலவன்ஸ் பேசிக்கோட சேராது. நான் ஊழியர்களோட சர்வீஸ், சம்பள ஃபைல் பார்க்குற எஸ்டாப்ளிஷ்மெண்ட் சீட்ல இருந்த வருஷங்கள்ல அலவன்ஸ் குறைஞ்சதுன்னு ஒருத்தரும் வந்து நிக்கல, வந்தவங்க எல்லாம் எஸ்ஆர்ல (சர்வீஸ் ரெஜிஸ்டர்) ஓட்டை விழுந்துடுச்சுன்னு தான் வந்தாங்க.

முதல் தப்பு ஆப்ஷன்ல. சொந்த சம்பளமும் அலவன்ஸுமா, இல்ல போற போஸ்ட்டோட சம்பளமான்னு ஜாயின் பண்ண ஒரு மாசத்துக்குள்ள எழுதிக் கொடுக்கணும், புரமோஷன் மாதிரி சில காரணம் தவிர அப்புறம் மாத்த முடியாது. சம்பளப் படிநிலையில லெவல் 6ல 39,900 வாங்குறவர் லெவல் 7 போஸ்ட்டுக்குப் போய் 44,900ல ஃபிக்ஸ் ஆகுறார்னு வைங்க, மூணு இன்க்ரிமெண்ட்ல 49,000 ஆயிடும். திரும்பி வர்றப்ப அந்த 49,000ஐ யாரும் காப்பாத்தித் தர மாட்டாங்க, தாய்த்துறையிலயே இருந்திருந்தா என்ன வாங்கியிருப்பாரோ அந்த 43,600 தான். இது தண்டனை இல்ல, ரூலே அப்படி. ஆனா பழைய லெவல்ல அந்த மூணு இன்க்ரிமெண்டை சேர்க்காம 39,900லயே போட்டுட்டா அது தப்பு, அதை விடாம கேளுங்க.

அடுத்தது பங்களிப்பு. வாரியம், கார்ப்பரேஷன் மாதிரி அரசு நிதியில இருந்து சம்பளம் வராத இடத்துக்குப் போனா அது ஃபாரின் சர்வீஸ், தமிழ்ல அயற்பணி (பேரைப் பார்த்து பாஸ்போர்ட் தேட வேண்டாம்). அப்ப பழைய பென்ஷன்காரங்களுக்கு லீவ் சம்பளப் பங்களிப்பு, பென்ஷன் பங்களிப்பு ரெண்டும் பொதுவா அந்த ஆபீஸ் தான் கட்டணும், யார் கட்டுறதுன்னு ஆர்டர்லயே இருக்கும். கட்டுனாங்களான்னு நாம பார்க்கறதே இல்ல, ரிட்டயர் ஆகுறப்ப பென்ஷன் ஃபைல் திரும்பி வருது, அதுக்குள்ள அந்த ஆபீஸ்ல இருந்தவங்க எல்லாம் மாறியிருப்பாங்க, சலான் காப்பி எங்கன்னு யாருக்கும் தெரியாது. வருஷா வருஷம் ஒரு காப்பி வாங்கி வச்சுக்கோங்க. புது பென்ஷன் திட்டமான என்பிஎஸ்ல இருக்கறவங்க மாசா மாசம் அக்கவுண்ட்ல பணம் ஏறுதான்னு பாருங்க, லேட்டா போட்டா நடுவுல வர்ற வளர்ச்சி போச்சு.

டெபுடேஷன் காலம் முடிஞ்சும் அங்கயே உக்காந்திருக்கறது ரொம்ப மோசம். "எக்ஸ்டென்ஷன் ஃபைல் மூவ் ஆகுது சார், நீங்க இருங்க"ன்னு வாய்ல சொல்லுவாங்க, நம்பாதீங்க. மத்திய அரசு விதிப்படி கடைசி தேதியில நீங்க ரிலீவ் ஆனதாவே கணக்கு, அனுமதி இல்லாம இருந்த நாள் பென்ஷனுக்கு சேராது, இன்க்ரிமெண்டும் தள்ளிப் போகும்.

இப்ப எனக்கு ரொம்ப ஆத்திரம் வர்ற விஷயம். ரிலீவ் ஆகி வந்து தாய்த்துறையில ரிப்போர்ட் பண்ணா போஸ்ட்டிங் இல்லம்பாங்க, இருபது நாளோ ரெண்டு மாசமோ வீட்டுல இருக்கணும். அதுக்குப் பேர் கட்டாயக் காத்திருப்பு, அதை டியூட்டியா கருதி ஆர்டர் வாங்கினா தான் சம்பளமும் சர்வீஸ் தொடர்ச்சியும் சரியாகும். ஆனா பக்கத்து சீட்டுக்காரர் "எதுக்கு சார் வம்பு, ஈஎல் (ஈட்டிய விடுப்பு) போட்டுடுங்க"ன்னு ஐடியா கொடுப்பார், இவரும் போட்டுடுவார். அரசு போஸ்ட்டிங் தராததுக்கு உங்க லீவ் ஏன் கரையணும்? வந்த அன்னிக்கே ஜாயினிங் ரிப்போர்ட் எழுதி, தபால் பிரிவுல தேதி சீல் போட்டு ஒரு காப்பி கையில வாங்கிடுங்க, அந்த சீல் தான் உங்க சாட்சி.

புரமோஷன்ல, அங்க இருந்தாலும் சீனியாரிட்டி இங்க தான் ஓடுது, ஜூனியர் மேல போனா உடனே எழுத்துல கேளுங்க. அந்த ஆபீஸ்லயே நிரந்தரமா எடுத்துக்கறோம்னு சொன்னா வெறும் ரிசைன் லெட்டர் கொடுத்துடாதீங்க, பழைய சர்வீஸே போயிடும், தாய்த்துறையோட முறையான அனுமதியும் ஆர்டரும் வாங்கிட்டு தான் போகணும்.

கடைசியா ரிலீவிங் ஆர்டர்ல முற்பகலா பிற்பகலான்னு பாருங்க. முற்பகல் ரிலீவ், மறுநாள் முற்பகல் ஜாயின்னு ஒருத்தருக்கு எழுதிட்டாங்க, அந்த ஒரு நாளை சரி பண்ண நாலு லெட்டர் போச்சு.