லெஃப்ட் ஃபோர் டெட் 2: லாபியில் கூடியும் ஆட முடியாத நால்வருக்கு

நால்வர் சேர்ந்து ஜோம்பிகளை எதிர்த்து ஆடும் லெஃப்ட் ஃபோர் டெட் 2 வெளிவந்தது 2009 நவம்பரில். கல்லூரியில் ஒரே அறையில் இருந்த எங்கள் நால்வரையும் இன்றைக்கும் ஒன்றுசேர்ப்பது அந்தக் கேம்தான். நான் நாகர்கோவிலில், ஒருவன் சென்னையில், ஒருவன் சிங்கப்பூரில், இன்னொருவன் தோஹாவில். சனிக்கிழமை இரவு நாலு பேருக்கும் நேரம் ஒத்துவருவதே பெரிய காரியம். அந்த நேரத்தில் பாதி, சர்வர் தேடுவதிலேயே போய்விட்டால் மனசு தாங்காது. எங்கள் குழுவில் இந்தப் பிரச்சினைகளைப் பார்த்துக்கொள்வது நான் என்பதால், எங்களுக்கு வேலை செய்த வழிகளை இங்கே எழுதுகிறேன்.

ஸ்டார்ட் அழுத்தியதும் உள்ளே என்ன நடக்கிறது என்று முதலில் தெரிந்துகொள்ளுங்கள். அது தெரிந்துவிட்டால் பாதி வேலை முடிந்த மாதிரி. நீங்கள் நால்வரும் கூடும் லாபி, ஸ்டீம் என்ற கேம் தளத்தில் இருக்கும் வெறும் காத்திருப்பு அறை. ஆட்டம் அங்கே ஓடுவதில்லை. லாபியின் தலைவர் ஸ்டார்ட் கொடுத்ததும் அவருடைய கேம் காலியாக உள்ள ஒரு டெடிகேட்டட் சர்வரை (ஆட்டத்தை நடத்துவதற்கென்றே ஓடும் சர்வர்) தேடுகிறது. கிடைத்ததும் அதை உங்கள் லாபியின் பெயரில் பிடித்துவைக்கிறது. அதன் பிறகுதான் நால்வரும் தனித்தனியாக அந்த சர்வரோடு இணைகிறீர்கள். தேடல், பிடிப்பு, இணைப்பு என்று மூன்று கட்டங்கள். எந்தக் கட்டத்தில் நிற்கிறது என்று பார்க்காமல் ரவுட்டரை அணைத்துப் போடுவது, கேமை அழித்து மறுபடி இறக்குவது என்று இறங்கினால் இரவு முழுவதும் வீண்.

நால்வரில் ஒருவர் மட்டும் உள்ளே வர முடியவில்லை என்றால் கோளாறு அவருடைய கணினியிலோ நெட்டிலோ இருக்கிறது. நால்வரும் லாபிக்கே திரும்பி வந்தால் தேடலில் சிக்கல். எல்லோரும் உள்ளே போய்விட்டு, பிங் (சர்வருக்குத் தகவல் போய்த் திரும்பும் நேரம், மில்லிசெகண்டில்) எகிறி ஆளுக்கு ஆள் துள்ளித் துள்ளி ஓடினால் கிடைத்த சர்வர் சரியில்லை.

அடுத்து கன்சோலைத் திறந்துவைத்துக்கொள்ளுங்கள். ஆப்ஷன்ஸில் கீபோர்டு/மவுஸ் பக்கத்தில் 'அலோ டெவலப்பர் கன்சோல்' என்று ஒரு வரி இருக்கும், அதை எனேபிள் செய்யவும். பிறகு எஸ்கேப் பொத்தானுக்குக் கீழே உள்ள பொத்தானை அழுத்தினால் திறக்கும். இனி வரும் கட்டளைகளை உச்சரிப்பில்தான் தருகிறேன். தட்டும்போது ஆங்கிலச் சிறிய எழுத்தில், நான் கோடு போட்ட இடத்தில் அடிக்கோடு போட்டுத் தட்டுங்கள். இணைப்பு ஏன் அறுந்தது என்பதைத் திரையில் வரும் பெட்டியைவிட கன்சோல் தெளிவாகச் சொல்லும். நண்பர் யாராவது "வரல மச்சான்" என்று மட்டும் மெசேஜ் போட்டால், கன்சோலின் கடைசிப் பத்து வரிகளைப் படம் பிடித்து அனுப்பச் சொல்லுங்கள்.

ஒருவருக்கு மட்டும் வரவில்லை என்றால்

அநேகமாக ஆட்-ஆன் (கேமில் நாமாகச் சேர்க்கும் கூடுதல் கோப்பு) அல்லது ஃபயர்வால் (கணினியின் நெட் போக்குவரத்தைத் தடுக்கும் காவல்).

ஸ்கின், துப்பாக்கி, குரல் என்று வொர்க்‌ஷாப்பில் இருந்து அள்ளிப் போட்டிருப்பார்கள். சில கோப்புகள் மாறியிருந்தால், சர்வர் அந்தக் கோப்பின் பெயரைச் சொல்லியே வெளியே தள்ளும். ஸ்டீமில் கேமின் மேல் ரைட் கிளிக், ப்ராப்பர்ட்டீஸ், இன்ஸ்டால்டு ஃபைல்ஸ், அதில் வெரிஃபை. இது மூலக் கோப்புகளைச் சரிபார்க்கும். ஆனால் ஆட்-ஆன்களைத் தொடாது. அதனால் கேமின் ஆட்-ஆன்ஸ் பட்டியலில் எல்லா டிக்கையும் எடுத்துவிட்டு ஒருமுறை நுழைந்து பாருங்கள். நுழைந்துவிட்டால், பாதிப் பாதியாகத் திரும்பச் சேர்த்தால் குற்றவாளி சீக்கிரம் மாட்டும். ரசிகர்கள் செய்த கேம்பெயின் ஆடுகிறீர்கள் என்றால் நால்வரிடமும் அது இருக்க வேண்டும், அதுவும் ஒரே பதிப்பாக இருக்க வேண்டும். ஒருவர் வேறு தளத்தில் இருந்து பழைய பதிப்பை இறக்கியிருந்தால் மேப் வேறுபடுகிறது என்று சொல்லி அவரை மட்டும் வெளியே நிறுத்தும்.

ஃபயர்வால் விஷயம் சின்னது. கேம் முதல்முறை ஓடும்போது விண்டோஸ் அனுமதி கேட்கும். அவசரத்தில் கேன்சல் கொடுத்தவர்கள் நிறையப் பேர். விண்டோஸ் செக்யூரிட்டியில் அனுமதி பெற்ற ஆப்களின் பட்டியலைத் திறந்து, லெஃப்ட் ஃபோர் டெட் 2-க்கு எதிரே பிரைவேட், பப்ளிக் இரண்டிலும் டிக் போடுங்கள்.

எல்லோருக்கும் வரவில்லை, அல்லது மோசமான சர்வரே வருகிறது என்றால்

இந்தக் கேமில் ஆட்களைச் சலிக்க வைத்து விரட்டுவது இந்தப் பிரச்சினைதான். லாபியில் சர்வர் டைப் என்ற இடத்தில் 'பெஸ்ட் அவெய்லபிள் டெடிகேட்டட்' என்று இருக்கும். பெயரில்தான் பெஸ்ட். கேமை உருவாக்கிய வால்வ் நிறுவனம் நடத்தும் சர்வர்களும் தனியார் நடத்தும் சர்வர்களும் அந்தத் தேடலில் ஒன்றாகக் கலந்து வரும். தனியார் சர்வர்களில் அருமையானவையும் உண்டு. ஆனால் நுழைந்ததும் விளம்பரம் காட்டி, ஆயுதத்தை மாற்றி, சாட் பெட்டியை நிரப்பி, ஆட்டத்தையே வேறு ஏதோ ஆக்கிவிடும் சர்வர்களும் உண்டு. அப்படிப்பட்ட ஒன்று ஒருமுறை வந்தால், அடுத்த தேடலிலும் அதுவே வந்து நிற்கும்.

எளிய வழி, சர்வர் டைப்பை 'அஃபிஷியல் டெடிகேட்டட்' என்று மாற்றுவது. வால்வின் சர்வர்கள் மட்டும் வரும். அது கிடைக்காத நேரங்களில் நான் செய்வது தொல்லை சர்வரைக் கணினியிலேயே அடைப்பது. அந்த சர்வருக்குள் இருக்கும்போதே கன்சோலில் 'ஸ்டேட்டஸ்' என்று தட்டினால், நாலு எண் கொண்ட ஐபி முகவரி, போர்ட் (அந்த முகவரியின் வாசல் எண்), யார் யாருக்கு என்ன பிங் என்று எல்லாம் வரும். ஐபியைக் குறித்துக்கொள்ளுங்கள். வெளியே வந்து, ஸ்டார்ட் மெனுவில் விண்டோஸ் டிஃபெண்டர் ஃபயர்வாலின் அட்வான்ஸ்டு பக்கத்தைத் திறந்து, அவுட்பவுண்ட் ரூல்ஸில் நியூ ரூல் கொடுங்கள். கஸ்டம் என்று தேர்ந்தெடுத்து, ப்ரோகிராம், ப்ரோட்டோகால் பக்கங்களை அப்படியே தாண்டி, ஸ்கோப் பக்கத்தில் ரிமோட் ஐபி என்ற கீழ்ப்பெட்டியில் அந்த எண்ணைச் சேர்த்து, பிளாக் கொடுத்து, தொல்லை என்றோ எதுவோ பெயர் வைத்துச் சேமியுங்கள். அடுத்த முறை வேறொன்று சிக்கினால் புதிய ரூல் வேண்டாம், இதே ரூலில் இன்னொரு எண்ணைச் சேர்த்தால் போதும். சர்வரைத் தேடுவது தலைவரின் கணினி என்பதால் தலைவர் மட்டும் செய்தாலே போதும். உங்கள் குழுவில் தலைமை கைமாறிக்கொண்டே இருந்தால் நால்வரும் செய்துவிடுங்கள்.

அடைப்பதைவிட நல்லது, நல்ல சர்வரை நாமே கையைக் காட்டுவது. இதற்கென்றே 'எம்எம்_டெடிகேட்டட்_ஃபோர்ஸ்_சர்வர்ஸ்' என்று ஒரு கட்டளை இருக்கிறது. அதற்குப் பின்னால் ஓர் இடைவெளி விட்டு ஐபி, முக்காற்புள்ளி, போர்ட். போர்ட் பெரும்பாலும் 27015 அல்லது அதை ஒட்டிய எண். லாபி தலைவர் ஸ்டார்ட் கொடுப்பதற்கு முன் இதைத் தட்ட வேண்டும். தேடல் வேறு எங்கும் போகாமல் நேராக அந்த சர்வரிடம் போகும். அப்போது அந்த சர்வர் காலியாக இருக்க வேண்டும், அது ஒன்றுதான் நிபந்தனை.

நல்ல சர்வரை எங்கே கண்டுபிடிப்பது? கன்சோலில் 'ஓபன்சர்வர்பிரவுசர்' என்று இடைவெளியே இல்லாமல் தட்டினால் பழைய காலத்து சர்வர் பட்டியல் திறக்கும். பிங் வரிசையில் அடுக்கி, பிடித்ததை ஃபேவரிட்ஸில் போட்டுவைக்கலாம். பட்டியலில் இருந்து நேராக நுழையப் பார்த்தால் சிலவற்றில் 'ரிஜெக்ட் கனெக்ட் ஃப்ரம் லாபி' என்று முடியும் ஒரு வரி வரும். பயப்பட வேண்டாம். லாபி வழியாக மட்டும் வா என்று அந்த சர்வர் சொல்கிறது, அவ்வளவுதான். ஐபியை எடுத்துக்கொண்டு மேலே சொன்ன கட்டளையால் லாபியில் இருந்து போங்கள். 'ரிசர்வ்டு ஃபார் லாபி' என்று வந்தால் வேறொரு குழு அதைப் பிடித்துவிட்டது. அடுத்ததைப் பாருங்கள்.

சர்வரின் ஊரையும் யோசித்துத் தேர்ந்தெடுங்கள். கடலடிக் கேபிளில் சென்னைக்கும் சிங்கப்பூருக்கும் இடையே சுமார் 3,200 கிலோமீட்டர். கண்ணாடி இழைக்குள் ஒளி நொடிக்கு ஏறக்குறைய 2 லட்சம் கிலோமீட்டர் ஓடுகிறது. போய்த் திரும்ப 32 மில்லிசெகண்டு ஆகும் என்று கணக்கு வருகிறது. ஆகவே சென்னை ஆளுக்கு சிங்கப்பூர் சர்வரில் 40, 50 பிங் வந்தால் அது நல்ல பாதை. 250 வந்தால் உங்கள் நெட் கம்பெனி தகவலை வேறு கண்டத்தைச் சுற்றி அனுப்புகிறது என்று அர்த்தம். கமாண்ட் ப்ராம்ப்டில் 'ட்ரேஸர்ட்' என்று தட்டி சர்வரின் ஐபியைக் கொடுத்தால் எந்த இடத்தில் நேரம் திடீரென்று ஏறுகிறது என்று தெரியும். நெட்காரர்களுக்குப் புகார் எழுதும்போது அந்த வெளியீட்டை இணைத்தால் பேச்சு வேகமாக நகரும். எங்கள் குழுவில் ஒருவன் கிழக்கே, ஒருவன் மேற்கே. சிங்கப்பூர் சர்வர் போட்டால் தோஹாக்காரன் பாவம். அதனால் மும்பை. வளைகுடாக் கேபிள்கள் பல அங்கேதான் கரையேறுகின்றன, யாருக்கும் தாங்க முடியாத அளவுக்குப் போவதில்லை. நால்வரில் ஒருவருக்கு 20-உம் ஒருவருக்கு 200-உம் இருப்பதைவிட எல்லோருக்கும் நடுத்தரமாக இருப்பது மேல். இந்தக் கேமில் ஹண்டர் என்ற எதிரி பாய்ந்து ஒருவரை அமுக்கினால் மற்றவர்தான் தள்ளிக் காப்பாற்ற வேண்டும். காப்பாற்றுகிறவனுக்கு லேக் இருந்தால் நாலு பேரும் காலி.

சர்வரே வேண்டாம், வீட்டிலேயே நடத்துகிறோம் என்றால்

சர்வர் டைப்பில் 'லோக்கல் சர்வர்' வைத்தால் தலைவரின் கணினியே சர்வர். வேகமான கணினியும் நிலையான ஃபைபர் இணைப்பும் உள்ளவர் தலைவராக இருக்கட்டும். வைஃபை வேண்டாம், கேபிள் போடுங்கள். பெரும்பாலும் லாபி வழியாக இணைந்துவிடும்.

இணையாவிட்டால் ரவுட்டரில் யூடிபி 27015-ஐ அந்தக் கணினிக்கு ஃபார்வர்ட் செய்யச் சொல்வார்கள். செய்வதற்கு முன்னால் ஒன்றைப் பாருங்கள். ரவுட்டரின் நிலைப் பக்கத்தில் வான் (WAN) ஐபி என்று ஓர் எண் இருக்கும். 'என் ஐபி என்ன' என்று பிரவுசரில் தேடினால் இன்னொரு எண் வரும். இரண்டும் ஒன்றாக இருந்தால் ஃபார்வர்டிங் வேலை செய்யும். வான் ஐபி 100.64-இல் இருந்து 100.127-க்குள் தொடங்கினால் நீங்கள் சிஜிநாட்டுக்குப் பின்னால் இருக்கிறீர்கள். தெருவில் உள்ள பல வீடுகளுக்கும் சேர்த்து ஒரே பொது முகவரி என்ற ஏற்பாடு அது. நம் ஊர் வீட்டு இணைப்புகளிலும் மொபைல் டேட்டாவிலும் இது சர்வசாதாரணம். நீங்கள் ரவுட்டரில் என்ன திறந்தாலும் வெளியே இருந்து யாரும் வர முடியாது. கேட்டால் மாதக் கட்டணத்துக்குத் தனி ஐபி தருகிறார்கள். கேமுக்காக மட்டும் அதை வாங்க நான் சொல்ல மாட்டேன்.

அதற்குப் பதில் ஜீரோடியர் அல்லது ராட்மின் விபிஎன் போடுங்கள். தூரத்துக் கணினிகளை ஒரே நெட்வொர்க்கில் இருப்பதுபோல் இணைக்கும் மென்பொருள்கள் அவை, இரண்டும் எங்கள் அளவுக்கு இலவசம்தான். நால்வரும் ஒரே நெட்வொர்க்கில் சேர்ந்துவிட்டால் எல்லோருக்கும் அதற்குள் ஒரு புதிய ஐபி கிடைக்கும். ஹோஸ்ட் செய்பவர் கன்சோலில் 'எஸ்வி_லேன் 0' என்றும், 'எஸ்வி_அலோ_லாபி_கனெக்ட்_ஒன்லி 0' என்றும் தட்டிவிட்டு, 'மேப்' என்ற சொல்லோடு மேப்பின் பெயரைத் தட்டட்டும். டெட் சென்டர் என்ற கேம்பெயினின் முதல் மேப் என்றால் 'சி1எம்1_ஹோட்டல்'. மற்ற மூவரும் 'கனெக்ட்' என்ற சொல்லுக்குப் பின் அவருடைய விபிஎன் ஐபியைக் கொடுத்தால் உள்ளே. முதல் கட்டளையை விட்டுவிட்டால், லேன் சர்வருக்குள் வெளியாளுக்கு இடமில்லை என்று திருப்பி அனுப்பக்கூடும்.

வாராவாரம் ஆடுகிற குழு என்றால் சொந்தமாக ஒரு டெடிகேட்டட் சர்வர் வைப்பதுதான் நிம்மதி. மும்பையில் ஒரு சின்ன விபிஎஸ்ஸை (இணையம் வழியே பயன்படுத்தும் மெய்நிகர் சர்வர்) வாடகைக்கு எடுத்து, ஸ்டீம்சிஎம்டி என்ற ஸ்டீமின் கட்டளைக் கருவியில் 222860 என்ற எண்ணைக் கொடுத்து சர்வர் கோப்புகளை இறக்கிக்கொள்ளலாம். கேமின் சொந்த எண் 550, அதைக் கொடுத்துவிட வேண்டாம். சர்வர் கான்ஃபிக் கோப்பில் 'எஸ்வி_சர்ச்_கீ' என்ற வரியைச் சேர்த்து யாருக்கும் தோன்றாத ஒரு சொல்லை வையுங்கள். எங்களுடையது கல்லூரி மெஸ்ஸில் எல்லோரும் வெறுத்த ஒரு குழம்பின் பெயர். லாபி தலைவரும் ஸ்டார்ட் கொடுக்கும் முன் தன் கன்சோலில் அதே வரியைத் தட்டினால், அந்தச் சொல் உள்ள சர்வரை மட்டும் தேடிப் பிடிக்கும். ஐபி மாறினாலும் கவலை இல்லை.

சொந்த சர்வர் வைத்தால் ஒரு வேலை தொடர்ந்து இருக்கும். கேமுக்கு அப்டேட் வந்த அன்று சர்வரையும் அப்டேட் செய்ய வேண்டும், இல்லையென்றால் பதிப்பு ஒத்துவராமல் நால்வரும் வெளியே நிற்பீர்கள். 2020 செப்டம்பரில் ரசிகர்களே செய்து வால்வ் வெளியிட்ட 'த லாஸ்ட் ஸ்டாண்ட்' போன்ற பெரிய அப்டேட் அபூர்வம்தான், ஆனால் சின்னச் சின்னத் திருத்தங்கள் அதற்குப் பிறகும் வந்திருக்கின்றன. நான் சனிக்கிழமை மாலையே சர்வரை ஒருமுறை நிறுத்தி, அப்டேட் ஓடவிட்டு, நான் மட்டும் நுழைந்து பார்த்துவிட்டுத்தான் குழுவில் "ரெடி" என்று போடுகிறேன்.