காற்றுத் தரவில் காலிக் கட்டம்

காற்று மாசுத் தரவை எக்ஸெலில் திறந்தால் நடுவில் காலிக் கட்டங்கள் இருக்கும். தயவுசெய்து அங்கே பூஜ்யம் போடாதீர்கள். 18 மணி நேரம் பிஎம் 2.5 (காற்றில் மிதக்கும் மிக நுண்ணிய துகள்கள்) அளவு 60 என்று வைத்துக்கொள்ளுங்கள். அளவு பதிவாகாத மீதி 6 மணி நேரத்துக்குப் பூஜ்யம் போட்டால் நாள் சராசரி 45க்கு இறங்கிவிடும். காற்று சுத்தமானதுபோல ஒரு பொய்க் கணக்கு!

ஓரிரு மணி நேர இடைவெளி என்றால் முன்னும் பின்னும் உள்ள அளவுகளை வைத்து நிரப்பலாம், தீபாவளி இரவு மாதிரி நேரம் தவிர. அதற்கு மேல் போனால் காலியாகவே விடுங்கள். இந்தியக் காற்றுத் தரக் குறியீட்டுக்கே குறைந்தது 16 மணி நேரத் தரவு வேண்டும்.

அப்புறம், நிரப்பிய எண்களைத் தனி நெடுவரிசையில் குறித்துவையுங்கள்.