சரஸ்வதி இருக்கும் தீவுக்கு ஒரு நாள் பயணம்: காமாகுரா, எனோஷிமா முதல்முறை போகிறவர்களுக்கு

டோக்கியோவுக்குத் தெற்கே, ஒரு மணி நேர ரயில் தூரத்தில், சரஸ்வதி குடியிருக்கும் ஒரு சின்னத் தீவு இருக்கிறது. எனோஷிமா என்று பெயர். அங்கே அவளை பென்ஸாய்தென் என்கிறார்கள். அந்தத் தீவுக்குப் போகிற வழியில்தான் காமாகுரா வருகிறது. எண்ணூறு வருஷத்துக்கு முன் ஜப்பானின் முதல் ஷோகுன் (படைத்தலைவர்) ஆட்சி நடந்த ஊர் அது. மலைப்பக்கம் கோயில்கள், அப்புறம் ஒரு குட்டி ரயில், அப்புறம் கடல், கடைசியில் தீவு. இந்த வரிசையில் போனால் ஒரே நாளில் நிதானமாகப் பார்த்துவிடலாம். மாற்றிப் போனால் அலைச்சல்தான் மிஞ்சும்.

முதல் தடவை நான் எனோஷிமாவில் தொடங்கி மலைப்பக்கம் போனேன். கோயில் வாசலுக்குப் போகும்போது கதவு சாத்திக்கொண்டிருந்தார்கள். இரண்டாம் தடவை அம்மாவை அழைத்துப்போனபோது வரிசையைத் திருப்பினேன். அந்த இரண்டாம் நாளின் வழிதான் இங்கே எழுதியிருப்பது.

படி 1: கிளம்புவதற்கு முன்

வார நாளாகப் பாருங்கள். ஜூன் மாதம் ஹைட்ரேஞ்சியா பூக்கும் நேரம். அழகுதான், ஆனால் குட்டி ரயிலில் ஏறவே வரிசையில் நிற்க வேண்டியிருக்கும். குளிர்காலத்தில் கூட்டம் குறைவு, வானம் தெளிவாக இருந்தால் கடலுக்கு அப்பால் பியூஜி மலை தெரியும். ஆனால் டிசம்பரில் நாலரை மணிக்கே சூரியன் மறைந்துவிடும். அப்போது நான் சொல்லும் நேரத்துக்கெல்லாம் ஒரு மணி நேரம் முன்னதாகக் கிளம்புங்கள்.

டிக்கெட் விஷயத்தில் மண்டையைக் குழப்பிக்கொள்ள வேண்டாம். சுய்கா அல்லது பாஸ்மோ அட்டை ஒன்று வாங்கி ஐயாயிரம் யென் போட்டுக்கொண்டால் அன்றைக்கு ஏறும் எல்லா ரயிலுக்கும் அது போதும். சலுகை பாஸ்களும் இருக்கின்றன. ஆனால் அவை குறிப்பிட்ட சில கம்பெனிகளின் ரயிலுக்குத்தான் செல்லும், நம் வழி முழுவதற்கும் செல்லாது. நாம் போகப்போவதோ மூன்று கம்பெனிகளின் ரயிலில். கோயில் கட்டணங்களுக்குச் சில்லறை நாணயங்களும், ஆயிரம் யென் தாள்களும் கையில் இருக்கட்டும்.

வழிகாட்டி வேண்டுமா? என்னைக் கேட்டால் வேண்டும். சிலைகளுக்குப் பின்னால் இருக்கும் கதை தெரியாவிட்டால் பத்துக் கோயிலும் ஒரே மாதிரித்தான் தெரியும். ஜப்பானில் உரிமம் பெற்ற வழிகாட்டிகளுக்கென 1949 முதல் தனிச் சட்டமே இருக்கிறது. தேர்வு கடினமானது, கட்டணமும் அதற்கேற்ப. 2018 முதல் உரிமம் இல்லாதவர்களும் கூலி வாங்கிக்கொண்டு வழிகாட்டலாம் என்று விதியைத் தளர்த்தியிருக்கிறார்கள். ஆகவே பதிவு செய்யும் முன் உரிமம் உண்டா என்று கேட்டுவிடுங்கள். பணம் கம்மியாக இருந்தால் 'குட்வில் கைடு' எனப்படும் தன்னார்வலர்களைக் கேட்கலாம். பெரும்பாலும் ஓய்வுபெற்றவர்கள், ஆங்கிலம் பேசுவார்கள். கூலி கிடையாது. அவருடைய ரயில் செலவு, நுழைவுச் சீட்டு, மதியச் சாப்பாடு மட்டும் நம் பொறுப்பு. சில வாரங்கள் முன்பே எழுதிக் கேளுங்கள். டிப்ஸ் கொடுப்பது அங்கே வழக்கமில்லை. ஊரிலிருந்து ஒரு டப்பா இனிப்பு கொண்டுபோனால் மனசார வாங்கிக்கொள்வார்கள்.

படி 2: காலை, கிதா-காமாகுரா

எட்டு மணி வாக்கில் டோக்கியோ நிலையத்தில் யோகோசுகா லைன் ரயிலில் ஏறுங்கள். காமாகுராவுக்கு ஒரு நிறுத்தம் முன்னாலேயே, கிதா-காமாகுராவில் இறங்கிவிட வேண்டும். எல்லோரும் காமாகுராவில் இறங்குவதால் இங்கே அமைதியாக இருக்கும்.

நிலையத்தை ஒட்டியே எங்காகுஜி என்ற ஜென் கோயில். அவ்வளவு பக்கம் என்றால், 1889இல் போட்ட தண்டவாளம் கோயில் வளாகத்தையே வெட்டிக்கொண்டு போகிறது. 1282இல் ஹோஜோ தோக்கிமுனே கட்டினார். மங்கோலியப் படையெடுப்பை முறியடித்தவர் அவர். இறந்த தன் வீரர்களுக்காக மட்டும் கட்டவில்லை, படையெடுத்து வந்து செத்த எதிரிகளுக்காகவும் சேர்த்துக் கட்டினார். இதைத் தெரிந்துகொண்டு அந்தப் பெரிய மர வாசலுக்குள் நுழைந்தால் நடை தானாகவே மெதுவாகும். முக்கால் மணி நேரம் ஒதுக்குங்கள்.

அங்கிருந்து அரை மணி நேரம் நடந்தால் சுருகாவோகா ஹச்சிமாங்கு. வழியில் கெஞ்சோஜி வரும். 1253இல் தொடங்கியது, பெரிய கோயில். முதல் தடவை என்றால் வெளியிலிருந்து கும்பிட்டுவிட்டு நடையைக் கட்டுங்கள். இதற்குள்ளும் போனால் மாலையில் தீவு கிடைக்காது.

படி 3: எங்கே கைதட்டுவது, எங்கே கூடாது

புதியவர்கள் தடுமாறுவது இங்கேதான். பெயர் 'ஜி', 'தெரா' என்று முடிந்தால் அது பௌத்தக் கோயில். 'ஜிங்கு', 'ஜின்ஜா', 'கு' என்று முடிந்தால் ஷிண்டோ கோயில், அதாவது ஜப்பானின் பூர்வீக மதத்தின் கோயில். முன்னால் தோரீ என்ற வளைவு நிற்கும்.

ஷிண்டோ கோயிலில் தோரீக்கு முன் லேசாகத் தலை வணங்கி, நடைபாதையின் நடுவை விட்டு ஓரமாகப் போவது மரியாதை. நடுப்பகுதி தெய்வம் நடக்கும் வழி. தண்ணீர்த் தொட்டியில் அகப்பையால் மொண்டு முதலில் இடது கை, அப்புறம் வலது கை, அப்புறம் இடது உள்ளங்கையில் ஊற்றி வாயைக் கொப்பளித்து, மறுபடி இடது கையைக் கழுவ வேண்டும். அகப்பையில் வாய் வைக்கக் கூடாது. அண்ணாந்து குடிக்கிற நமக்கு இது சொல்லித்தர வேண்டியதே இல்லை. சன்னிதியில் காணிக்கை போட்டு, இரண்டு முறை குனிந்து வணங்கி, இரண்டு முறை கைதட்டி, வேண்டிக்கொண்டு, மறுபடி ஒரு முறை குனிய வேண்டும். ஐந்து யென் நாணயம் விசேஷம்: 'கோ-என்' என்றால் ஐந்து யென், அதே ஒலிக்கு நல்ல பந்தம் என்றும் பொருள்.

பௌத்தக் கோயிலில் கைதட்டக் கூடாது. நம் ஊரில் போலக் கை கூப்பினால் போதும்.

ஹச்சிமாங்கு ஷிண்டோ கோயில். 1180இல் மினாமோதோ யோரிதோமோ இதை இப்போதைய இடத்துக்குக் கொண்டுவந்தார். பின்னால் ஷோகுன் ஆனவர் அவர்தான். படிக்கட்டின் பக்கத்தில் பெரிய கிங்கோ மரம் ஒன்று இருந்தது. 2010 மார்ச்சில் காற்றில் வேரோடு சாய்ந்துவிட்டது. அடிமரத்தைப் பக்கத்திலேயே மறுபடி நட்டு வைத்திருக்கிறார்கள், பழைய வேரிலிருந்தும் துளிர் விட்டு வளர்கிறது.

படி 4: சாப்பாடு

கோயிலிலிருந்து காமாகுரா நிலையம் வரை கோமாச்சி தெரு முழுக்கத் தின்பண்டக் கடைகள். சைவம் சாப்பிடுகிறவர்கள் கவனிக்க வேண்டியது: கண்ணுக்கு மீன் தெரியாவிட்டாலும் சூப், குழம்பு, நூடுல்ஸ் எல்லாவற்றிலும் 'தாஷி' இருக்கும். அது காய்ந்த மீனில் இறக்கிய சாறு. கன்வீனியன்ஸ் ஸ்டோரில் உமெபோஷி என்ற உப்பில் ஊறிய புளிப்புப் பழம் வைத்த அரிசி உருண்டை வாங்கிக்கொள்வது பெரும்பாலும் சிக்கலில்லாத வழி. நம் ஊறுகாய் சாதத்துக்குச் சொந்தக்காரன் மாதிரி இருக்கும். அசைவம் சாப்பிடுகிறவர்கள் பசியைக் கொஞ்சம் தீவுக்கு மிச்சம் வையுங்கள்.

படி 5: ஹாசே, பெரிய புத்தர்

காமாகுரா நிலையத்தின் மேற்குப் பக்கம் போனால் எனோடென் என்ற குட்டி ரயில் நிற்கும். மொத்தமே பத்து கிலோமீட்டர் பாதை, பதினைந்து நிறுத்தங்கள், ஒற்றைத் தண்டவாளம். மூன்றாவது நிறுத்தம் ஹாசே. இறங்கிப் பத்து நிமிஷம் நடந்தால் கோத்தோகுயின்.

வெட்டவெளியில் உட்கார்ந்திருக்கிறார் அமிதாப புத்தர். வெண்கலம், 11 மீட்டருக்கு மேல் உயரம், எடை 121 டன் வாக்கில். 1252இல் வார்க்கத் தொடங்கினார்கள். முன்பு மேலே மண்டபம் இருந்தது. புயலும் கடல் அலையும் கொண்டுபோன பிறகு திரும்பக் கட்டவில்லை. ஐந்நூறு வருஷத்துக்கும் மேலாக வெயிலும் மழையும்தான் கூரை.

எல்லோரும் முன்னால் நின்று படம் எடுத்துவிட்டுத் திரும்புகிறார்கள். நீங்கள் சிலைக்குள்ளே போங்கள். சில்லறைக் காசுதான் கட்டணம். உள்ளே அரை இருட்டு. முதுகில் இருக்கும் இரண்டு ஜன்னல் வழியாக மட்டும் வெளிச்சம். சுவரைத் தொட்டுப் பார்த்தால் கட்டம் கட்டமாக வரம்புகள் தட்டுப்படும். ஒரே வார்ப்பு இல்லை. கீழிருந்து அடுக்கடுக்காக வார்த்து, ஒவ்வோர் அடுக்கையும் கீழ் அடுக்கோடு கொக்கி போட்ட மாதிரிப் பூட்டியிருக்கிறார்கள். அண்ணாந்தால் கழுத்துப் பகுதி தெரியும். 1960களின் தொடக்கத்தில் அங்கே உள்பக்கம் பிளாஸ்டிக் பூசி வலுப்படுத்தியிருக்கிறார்கள். வெயில் நாளில் உள்ளே வெந்நீர் அண்டாவுக்குள் நிற்பது போல் சுடும். அம்மா உள்ளங்கையை அந்தச் சுவரில் வைத்தபடி கொஞ்ச நேரம் பேசாமலே நின்றார்.

வளாகத்தில் இன்னொரு கல்லும் இருக்கிறது. 1951இல் சான் பிரான்சிஸ்கோ அமைதி மாநாட்டில், இலங்கையின் சார்பில் ஜே. ஆர். ஜெயவர்தன பேசினார். பகையால் பகை தணியாது, அன்பால்தான் தணியும் என்ற புத்தர் வாக்கைச் சொல்லி, ஜப்பானிடம் இழப்பீடு கேட்கப்போவதில்லை என்றார். ஜப்பானியர்கள் அதை மறக்கவில்லை, நினைவுக்கல் நட்டிருக்கிறார்கள். அந்தக் கல்லின் முன் நிற்கும் தமிழருக்கு, அதே மனிதர் ஜனாதிபதியாக இருந்த 1983 ஜூலையும் நினைவுக்கு வரும். எனக்கு வந்தது.

திரும்பும் வழியில் ஹாசேதெரா. ஒன்பது மீட்டருக்கு மேல் உயரமான மரத்தாலான கன்னோன், அதாவது பதினொரு முகமுள்ள அவலோகிதேஸ்வரர், பொன்னொளியில் நிற்கிறார். ஒரே கற்பூர மரத்தில் இரண்டு சிலை செதுக்கி, ஒன்றை நாரா பக்கத்துக் கோயிலில் வைத்து, இன்னொன்றைக் கடலில் விட்டார்களாம். அது இந்தக் கரையில் ஒதுங்கியது என்பது கோயில் கதை. கீழே வரிசை வரிசையாகக் கைக்குட்டை அளவுக் கல் சிலைகள், ஜிசோ. பிறக்காமலே போன குழந்தைகளுக்காகப் பெற்றவர்கள் வைத்தவை. அங்கே சத்தமாகப் பேசாதீர்கள்.

படி 6: கடலோர ரயில்

இரண்டு மணிக்குள் ஹாசேயில் மறுபடி எனோடெனில் ஏறுங்கள். இடது பக்க ஜன்னல் முக்கியம். இனாமுராகாசாகி தாண்டியதும் வீடுகள் விலகி மொத்தக் கடலும் திறக்கும். கொஷிகோயேவில் ரயில் தெருவுக்குள் இறங்கி, கார்களோடு கார்களாகக் கடை வாசல்களை உரசுவது போல் ஊர்ந்து போகும். எனோஷிமா நிலையத்தில் இறங்கிக் கால் மணி நேரம் நடந்தால் பாலம்.

ஒரு எச்சரிக்கை. கடற்கரையில் பருந்துகள் வட்டமிட்டுக்கொண்டே இருக்கும். பின்னாலிருந்து வந்து கையில் இருப்பதை அடித்துக்கொண்டு போய்விடும். நகம் கீறினால் ரத்தம் வரும். திறந்தவெளியில் நின்று எதையும் தின்னாதீர்கள், குழந்தைகள் கையில் கொடுக்கவே கொடுக்காதீர்கள்.

படி 7: தீவு

பாலத்தைத் தாண்டியதும் சந்துக்கடைகள். இங்கே 'ஷிராசு' சோறு பிரபலம்: விரல் நீளம்கூட வராத நெத்திலி, மத்திக் குஞ்சுகளைச் சுடுசோற்றின் மேல் குவித்துத் தருவார்கள். பச்சையாகவும் உண்டு, அவித்தும் உண்டு. ஜனவரி முதல் மார்ச் முற்பகுதி வரை பிடிக்கத் தடை, அப்போது பச்சை கிடைக்காது.

மேலே ஏறப் படிகள் நிறைய. முடியாதவர்களுக்கு 1959 முதல் எஸ்கார் என்ற நகரும் படிக்கட்டு இருக்கிறது. ஏறத்தான் உதவும், இறங்குவது நம் காலால்தான். அம்மாவுக்காக அதற்குச் சீட்டு எடுத்தேன், அது சரியான முடிவு.

எனோஷிமா கோயில் மூன்று சன்னிதி. மூன்று சகோதரி தெய்வங்கள். 1868இல் அரசாங்கம் ஷிண்டோவையும் பௌத்தத்தையும் பிரித்தபோது சரஸ்வதிக்குப் பிரதான இடம் போனது. ஆனால் முதல் சன்னிதிக்குப் பக்கத்தில் எட்டுப் பட்டை மண்டபம் ஒன்று இருக்கிறது, பெயர் ஹோஆன்தென். தனிச் சீட்டு எடுத்து உள்ளே போங்கள். அங்கே இருக்கிறாள்.

இரண்டு உருவம். ஒன்று எட்டுக் கைகளில் ஆயுதம் தாங்கியவள். 1182இல் போர் வெற்றிக்காக யோரிதோமோ இங்கே எழுந்தருளச் செய்தவள் என்கிறார்கள். இன்னொன்று வெள்ளை நிறம், ஆடையில்லாத உடல், மடியில் பீவா என்ற நரம்பு வாத்தியம். சுவர்ணபிரபாச சூத்திரம் என்ற பௌத்த நூல் வழியாக, சீனா சுற்றி, இவள் இங்கே வந்து சேர்ந்தாள். ஆதியில் சரஸ்வதி ஒரு நதி அல்லவா? அதனால்தான் ஜப்பானில் அவள் கோயில்கள் தண்ணீர் இருக்கும் இடங்களில், குளக்கரையிலும் தீவிலும் இருக்கின்றன.

அம்மா கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பார்த்தார். "வீணை இருக்கு, சரி. அன்னத்தைக் காணோமேடா?" என்றார். வழிகாட்டிப் பெரியவரிடம் கேட்டேன். இங்கே அவளுக்குத் துணை டிராகன் என்றார். ஐந்து தலை டிராகன் ஒன்று இந்தக் கரையில் குழந்தைகளைத் தின்றுகொண்டிருந்ததாம். கடலிலிருந்து இந்தத் தீவு எழும்பி, அதில் பென்ஸாய்தென் இறங்கினாள். டிராகன் அவளை மணக்கக் கேட்டது. திருந்தினால் பார்க்கலாம் என்றாள், திருந்தியது. கதையை மொழிபெயர்த்துச் சொன்னதும் அம்மா இன்னொரு முறை கும்பிட்டார்.

படி 8: தீவின் மறுகோடி

இங்கேயே திரும்பிவிடாதீர்கள். ஏறி இறங்கி அரை மணி நேரம் போனால் இவாயா குகைகள். கடல் அரித்து உண்டானவை. முதல் குகை 152 மீட்டர் ஆழம். உள்ளே கையில் மெழுகுவர்த்தி கொடுத்து அனுப்புவார்கள். மாலை ஐந்து மணியோடு சரி, குளிர்காலத்தில் இன்னும் முன்னதாகவே மூடிவிடுவார்கள். முதல் தடவை மலையிலிருந்து தொடங்காதது தப்பு என்றேனே, எதிர்த்தவறும் உண்டு: கோயில்களில் அளவுக்கு மேல் நின்றால் குகை போய்விடும்.

குகைக்கு வெளியே தட்டையான பாறைத்தளம், சிகோகாபுச்சி. 1923 பூகம்பத்தில் கடலடியிலிருந்து மேலே எழுந்த தளம் அது. சூரியன் இறங்கும்வரை அங்கே உட்காருங்கள். பாறை வழுக்கும், ரப்பர் அடியுள்ள செருப்பு அவசியம்.

திரும்ப அதே படிகள் ஏற வேண்டும். கடல் அமைதியாக இருக்கும் நாட்களில் பாலத்தருகே கொண்டுவிடும் படகு ஓடும். அது சாயங்காலத்துக்கு முன்பே நின்றுவிடும் என்பதால் சூரிய அஸ்தமனம் பார்ப்பவர்களுக்கு உதவாது. பாலம் தாண்டியதும் எனோடெனுக்குப் போகாமல் ஒடாக்யூ ரயிலின் கத்தாசே-எனோஷிமா நிலையத்துக்குப் போங்கள். டிராகன் அரண்மனை போலவே கட்டியிருப்பதால் தவறவிடவே முடியாது. பெரும்பாலும் புஜிசாவாவில் ஒரு மாற்றம், அங்கிருந்து ஷின்ஜுகு ஒரு மணி நேரம்.