எகிப்தியப் புதைகுழிகளை விளக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

பண்டைய எகிப்தியரின் அடக்கமுறை பற்றி எழுத வருபவர்களில் பலர் துட்டன்காமுனின் தங்க முகமூடியைத்தான் முதலில் கையில் எடுக்கிறார்கள். முதல் தவறே அதுதான். அரசனுக்குக் கிடைத்தது ஊருக்கெல்லாம் கிடைக்கவில்லை. சாமானியர்களில் பெரும்பாலோருக்கு வாய்த்தது பாலைவன ஓரத்தில் ஒரு குழியும், சில பானைகளும்தான்.

அந்த எளிய குழிகளிலிருந்து எவ்வளவு தெரிந்துகொள்ள முடியும் என்று காட்டியவர் ஆங்கிலேயத் தொல்லியலாளர் ஃபிளிண்டர்ஸ் பீட்ரி. 1880இல் கீசா பிரமிடுகளை அளக்கப் போனவர், 1894-95இல் தெற்கு எகிப்தில் உள்ள நகாடாவில் ஏறத்தாழ 2,000 குழிகளைத் தோண்டினார். எழுத்து இல்லை, அரசர் பெயர் இல்லை. எது முந்தியது, எது பிந்தியது என்று சொல்ல வழியில்லை. அவர் பானைகளை உற்றுப் பார்த்தார். ஒருவகை ஜாடியின் இரு பக்கமும் விரல் கொடுத்துத் தூக்க வாகாக அலை வடிவப் பிடி துருத்தி நின்றது. வேறு குழிகளில் அதே பிடி சிறுத்துப்போயிருந்தது. இன்னும் சிலவற்றில் ஜாடியே ஒடுங்கி, பிடி இருந்த இடத்தில் வெறும் அலைக்கோடு மட்டும் ஓடியது. அந்தக் கோடு, பயன் போய் அலங்காரமாக எஞ்சிய பிடி. ஆகவே அது பிந்தையது. எந்தக் குழியில் எவையெல்லாம் சேர்ந்து கிடந்தன என்று அட்டைத் துண்டுகளில் குறித்து, மாற்றி மாற்றி அடுக்கி, சுமார் 900 குழிகளைக் கால வரிசையில் நிறுத்தினார்.

அதனால்தான் ஒரு பொருளைத் தனியே தூக்கிக் காட்டிப் பேசுவதை நான் பெரிய தவறாகக் கருதுகிறேன். கொள்ளையர் விற்ற ஜாடி எவ்வளவு அழகாக இருந்தாலும், அதோடு கிடந்தவை தெரியாவிட்டால் அது சொல்லக்கூடியதில் பாதிக்கு மேல் போய்விட்டது.

பீட்ரியும் சறுக்கினார். நகாடா மக்களை வெளியிலிருந்து வந்த ‘புதிய இனம்’ என்று முடிவு கட்டினார். அவர்கள் பாரோக்களுக்கு முந்தைய எகிப்தியர் என்று பிரெஞ்சுத் தொல்லியலாளர் ஜாக் தெ மோர்கன் எடுத்துக்காட்டினார். பீட்ரியும் பிறகு ஏற்றுக்கொண்டார். பழகிய முறைக்கு ஒத்துவராததை அயலாருடையது என்று தள்ளும் அவசரம் இன்றும் போகவில்லை.

மம்மியாக்க உடலை உப்புக் கரைசலில் ஊறவைத்தார்கள் என்பதும் விடாமல் திரும்பத் திரும்ப எழுதப்படுகிறது. உலர்ந்த நேட்ரான் உப்பில் புதைத்து ஈரத்தை உறிஞ்சவைத்ததே முறை என்று வேதியியலாளர் ஆல்ஃபிரட் லூகாஸ் வாதிட்டார். இன்று பொதுவாக ஏற்கப்படுவதும் அதுவே.

துட்டன்காமுனின் கல்லறையைத் திறந்தவர்களைச் சாபம் கொன்றது என்ற கதைக்கு ஒரு வரி போதும்: 1922இல் அதைத் திறந்த ஹோவர்ட் கார்ட்டர் 1939 வரை வாழ்ந்தார்.

கடைசியாக, எல்லாவற்றையும் ஒரே அறிஞர் தோண்டியதுபோல எழுதாதீர்கள். பீட்ரியின் அகழாய்வுகளில் அலி சுவைஃபி என்ற எகிப்தியரின் கைத்திறனுக்குப் பெரும் பங்கு உண்டு. பீட்ரியிடம் பயிற்சி பெற்ற குஃப்த் ஊர்க்காரர்களின் வழிவந்தவர்கள், தலைமுறை தலைமுறையாக எகிப்தின் அகழாய்வுத் தளங்களில் தேர்ந்த பணியாளர்களாக இருந்துவருகிறார்கள்.